உள்ளங்கையில் உருளும் தேயிலை



கேமரன் மலைக்காரர்களிடம் தேயிலையைப் பற்றிப் பேசுவது, திருநெல்வேலிக்காரரிடம் அல்வாவைப் பற்றிப் பேசுவது போன்றதுதான். கொழுந்து எது, முற்றிய இலை எது என்பது நம் வீட்டுச் சின்னப் பிள்ளைகளுக்குக்கூடத் தெரியும். ஆனாலும் இன்று நாம் தேயிலையைப் பற்றித்தான் பேச இருக்கிறோம். அதிலும், நம் தோட்டத்து ஆலைகளில் இப்போது யாரும் செய்யாத ஒரு வேலையைப் பற்றி.

ஜப்பான் நாட்டில் சுற்றுலாப் பயணிகள் காசு கொடுத்துக் கொழுந்து பறிக்கிறார்கள். நீல நிற வேலை உடையை வாடகைக்கு எடுத்து, தோளில் சிவப்புப் பட்டியைக் கட்டிக்கொண்டு, இடுப்பளவு செடிகளுக்கு நடுவே நின்று பறிக்கிறார்கள். அதோடு நிற்பதில்லை. வேறு சிலர் ஒரு சூடான மேசையின் முன்னால் ஒன்றரை மணி, இரண்டு மணி நேரம் நின்று, இலையைக் கையாலேயே உருட்டித் தேயிலை ஆக்குகிறார்கள். சில ஆயிரம் யென் கட்டணம் செலுத்திவிட்டு, முடிவில் ஒரு சின்னப் பொட்டலத்தோடு ஊர் திரும்புகிறார்கள். "காசு கொடுத்தா வேலை செய்யறாங்க? அந்தக் காசை நம்மகிட்ட கொடுத்தா நாமே செஞ்சு கொடுப்போமே!" என்று நம் பாட்டிமார் சிரிப்பார்கள். வெயிலிலும் மழையிலும் கூடை சுமந்த முதுகுக்கு அப்படிச் சிரிக்க உரிமை உண்டு. ஆனால் அந்த மேசையில் நடப்பது என்ன என்று சற்றுக் கிட்டப்போய்ப் பார்த்தால், அந்தத் தொழில் ஒரு காலத்தில் நம்மவர் கைகளுக்கும் தெரிந்திருந்தது என்பது விளங்கும்.

ஜப்பான் என்றதும் முகம் சுளிக்கும் பெரியவர்கள் நம்மிடையே இருந்தார்கள். அவர்களுடைய பிள்ளைகள் இன்றும் இருக்கிறார்கள். 1942, 43 ஆகிய ஆண்டுகளில் சயாமுக்கும் பர்மாவுக்கும் இடையே 415 கிலோமீட்டர் ரயில் பாதை போடுவதற்காக மலாயாத் தோட்டங்களிலிருந்து ஜப்பானிய இராணுவம் நம்மவர்களை அள்ளிக்கொண்டு போனது. போனவர்களில் திரும்பாதவர்கள் பல பத்தாயிரம் பேர். அந்தக் கணக்கு அப்படியே நிற்கிறது. தேநீர்க் கோப்பையை வைத்து அதை மூட நாம் இங்கே வரவில்லை. இன்று நாம் பார்க்க இருப்பது அந்தப் படைக்கு இருநூறு ஆண்டுகளுக்கு முன்னால் ஒரு மலைக் கிராமத்து விவசாயி கண்ட தொழில். அவரும் நம்மைப்போல் மண்ணோடும் இலையோடும் மல்லாடியவர்தான்.

முதலில் ஒரு சமையலறைச் சங்கதி. வாழைக்காயை நறுக்கி வைத்தால் சற்று நேரத்தில் கறுத்துப்போகிறது. நறுக்கிய கையோடு கொதிநீரில் போட்டால் கறுப்பதில்லை. காரணம் என்ன? காயில் நொதி என்று ஒரு பொருள் இருக்கிறது. வெட்டுப்பட்டதும் அது காயின் துவர்ப்புச் சத்தோடு கலந்து, காற்றும் பட்டு, நிறத்தை மாற்றுகிறது. கொதிநீர் அந்த நொதியைச் செயலிழக்கச் செய்துவிடுகிறது. தேயிலையிலும் இதுவேதான் நடக்கிறது. நம் ஆலையில் பச்சைக் கொழுந்தை இரவெல்லாம் வாட வைத்து, ரோலரில் கொடுத்துக் கசக்கி, காற்றுப்பட விரித்து வைக்கிறார்கள். இலை செம்பு நிறமாக மாறுகிறது. அதைப் புளிக்க வைப்பது என்கிறோம். உண்மையில் தோசை மாவு புளிப்பதுபோல் அங்கே எதுவும் புளிப்பதில்லை. நறுக்கிய வாழைக்காய்க்கு நேர்ந்ததுதான் இலைக்கும் நேர்கிறது. பிறகு சூடான காற்றில் உலர்த்தினால் கறுப்புத் தேயிலை.

ஜப்பானியர்கள் இதற்கு நேர்மாறாகச் செய்கிறார்கள். பறித்த கொழுந்தை வாட விடாமல் அன்றைக்கே நீராவியில் காட்டிவிடுகிறார்கள். நொதி அடங்கிவிடுகிறது. இலை பச்சை நிறம் மாறாமலே தேயிலை ஆகிறது. அதற்குச் செஞ்சா என்று பெயர். செடி ஒன்றுதான். அங்கே சிற்றிலைச் சீன வகை. நம் மலையில் பெரும்பாலும் அகன்ற இலை கொண்ட அசாம் வகையும் அதன் கலப்பும். இரண்டும் அண்ணன் தம்பி.

சரி, ஆவியில் காட்டியாயிற்று. அப்படியே காய வைத்தால் ஆகாதா? ஆகாது. இலையின் மேற்புறம் சீக்கிரம் காய்ந்துவிடும். உள்ளேயும் காம்பிலும் ஈரம் நின்றுவிடும். வெளியே மொறுமொறுப்பு, உள்ளே பூசண வாடை. உள்ளே இருக்கும் ஈரத்தைச் சிறிது சிறிதாக வெளியே கொண்டுவர வேண்டும், இலையும் கிழியக்கூடாது. அதற்குத்தான் உருட்டல்.

இந்த முறையை வகுத்தவர் நகத்தானி சோயென் என்பவர். கியோட்டோ நகரத்துக்குத் தெற்கே ஊஜி என்று ஓர் ஊர், அதற்கு அப்பால் ஊஜித்தவாரா என்ற மலைப்பகுதி. அங்கே யுயாதானி கிராமத்தில் வாழ்ந்தவர். அந்தக் காலத்தில் பச்சை நிறம் மாறாத மாச்சாத் தூள் பிரபுக்களுக்கும் மடங்களுக்கும் உரியது. சாதாரண மக்கள் குடித்தது பழுப்பு நிறக் கஷாயம். சோயென் பல ஆண்டுகள் முயன்று, 1738-இல், இளங்கொழுந்தை ஆவியில் காட்டி, சூடான பரப்பின்மேல் கையால் உருட்டிக்கொண்டே உலர்த்தும் முறையைக் கண்டார். அப்போது அவருக்கு ஐம்பது வயது கடந்திருந்தது. செய்த தேயிலையைத் தோக்கியோவுக்கு, அன்றைக்கு எதோ என்று பெயர், எடுத்துப்போய் யமமோத்தோ என்ற வணிகரிடம் காட்டினார் என்றும், அங்கிருந்து அது நாடெங்கும் பரவியது என்றும் சொல்கிறார்கள். சோயெனின் வீடு இருந்த இடத்தில் பழைய அடுப்புக் குழியின் எச்சத்தை இன்றும் காப்பாற்றி வைத்திருக்கிறார்கள். நேயர்களே, கவனியுங்கள்: ஒரு தேயிலைத் தொழிலாளியின் அடுப்புக் குழியை!

இனி, நாமே ஊஜிக்குப் போய் அந்த மேசை முன்னால் நிற்பதாக வைத்துக்கொள்வோம். ஊஜி ஆற்றங்கரையில் ஃபுக்குஜுவென் என்ற பழைய தேயிலை வணிக நிறுவனம் நடத்தும் பட்டறை ஒன்று உண்டு. பயணிகள் அங்கே கையால் தேயிலை உருட்டியும், எந்திரக் கல்லில் மாச்சா அரைத்தும் பார்க்கலாம். ஷிஸுவோக்கா மாநிலத்தில் ஷிமாதா நகரத்துத் தேயிலை அருங்காட்சியகம் 2018-இல் திறக்கப்பட்டது. அங்கேயும் பருவ காலத்தில் கொழுந்து பறிக்க வைக்கிறார்கள். நாம் உருட்டும் மேசையையே பார்ப்போம்.

உள்ளே நுழையுமுன் மோதிரம், வளையல், கைக்கடிகாரம் எல்லாவற்றையும் கழற்ற வேண்டும். வாசனைச் சோப்பு, முகப்பவுடர், தைலம் எதுவும் கையில் இருக்கக்கூடாது. தேயிலை அடுத்த பொருளின் மணத்தைச் சட்டென்று பிடித்துக்கொள்ளும். இது நமக்கும் தெரிந்ததுதான். தேயிலை டப்பாவுக்குப் பக்கத்தில் யாரும் கருவாடு வைப்பதில்லை.

மேசைக்கு ஹொய்ரோ என்று பெயர். இடுப்பளவு உயரத்தில் கட்டில் போன்ற பெட்டி. அடியில் நெருப்பு; முன்பு கரி அடுப்பு, இப்போது பெரும்பாலும் எரிவாயு அல்லது மின்சாரம். மேலே ஜோத்தான் என்ற பெரிய தட்டு. இந்தத் தட்டின் அடிப்பரப்பு காகிதம் என்றால் நம்புவீர்களா? கையால் செய்த கெட்டியான வாஷிக் காகிதத்தை ஒன்றன்மேல் ஒன்றாக ஒட்டிச் செய்கிறார்கள். ஒட்டும் பசை கொன்யாக்கு என்ற கிழங்கிலிருந்து வருகிறது. அது நம் சேனைக்கிழங்கின் இனம். அடியில் நெருப்பு, மேலே காகிதம், அதன்மேல் ஈர இலை. இலையின் ஈரமும் ஓயாமல் அசையும் கையும் இருக்கும்வரை எதுவும் கருகுவதில்லை.

ஆவியில் வெந்து ஆறிய இலை தட்டில் விழுகிறது. முதல் வேலை உதறல். இரு கைகளாலும் அள்ளி, ஒரு முழ உயரத்திலிருந்து விரல்களை விரித்து உதிர்க்க வேண்டும். மறுபடி அள்ளு, மறுபடி உதிர். இலைமேல் ஒட்டிய நீர் போகும்வரை இதுதான். பார்க்கச் சும்மா விளையாட்டுப்போல இருக்கும். பத்து நிமிடத்தில் தோள் வலிக்கும். முறையாகச் செய்பவர்கள் இந்த ஒரு கட்டத்துக்கே முக்கால் மணி, ஒரு மணி நேரம் செலவிடுகிறார்கள்.

அடுத்தது உருட்டல். இலை முழுவதையும் ஒரு மொத்தையாகத் திரட்டி, இரு உள்ளங்கைகளையும் அதன்மேல் வைத்து, தட்டின் இடக்கோடிக்கும் வலக்கோடிக்குமாக உருட்ட வேண்டும். முதலில் மெதுவாக, பிறகு உடம்பின் பாரத்தைக் கைக்குக் கொடுத்து. சப்பாத்திக்கு மாவு பிசைகிற அக்காமாருக்கு இந்த அசைவு எளிதில் வரும். கால்களைச் சற்று அகட்டி நின்று இடுப்பிலிருந்து தள்ள வேண்டும். கையால் மட்டும் தள்ளினால் மணிக்கட்டு போய்விடும். உள்ளிருந்த ஈரம் மெல்ல வெளியே வர, இலை கறும்பச்சையாகி, கையில் பிசுபிசுக்கும். இந்தக் கட்டத்தில் ஆசிரியர் நம் கைக்குப் பக்கத்தில் தம் கையை வைத்து இலையின் சூட்டைப் பார்ப்பார். சூடு மனித உடம்பின் சூட்டை ஒட்டியே இருக்க வேண்டும். அதற்கு மேலே ஏறினால் இலை அவிந்து மணம் கெடும். கீழே இறங்கினால் ஈரம் நின்றுபோகும். இதற்கு வெப்பமானி வேண்டியதில்லை. நம் கையைவிடச் சூடாகத் தெரிந்தால் சூடு அதிகம், குளிர்ச்சியாகத் தெரிந்தால் குறைவு. உடம்பே கருவி.

பிறகு கட்டிகளை உடைத்து, இலையை வெளியே எடுத்து ஆற வைத்து, தட்டில் படிந்த பிசுக்கைத் துடைக்கிறார்கள். மீண்டும் இலையைப் போட்டு, இப்போது கொஞ்சம் கொஞ்சமாக இரு உள்ளங்கைகளுக்கும் நடுவே எடுத்து, கைகூப்புவதுபோல் வைத்து, முன்னும் பின்னுமாகத் தேய்த்துக் கீழே விட வேண்டும். திரி திரிக்கிற மாதிரி. விளக்குத் திரி உருட்டத் தெரிந்த கைக்கு இது புதிதல்ல. இலை நீளவாக்கில் முறுக்கிக்கொள்கிறது. அதன்பின் பளபளப்பு ஏற்றும் கட்டம். முறுக்கிய இலைகளை ஒரே திசையில் அணைத்துப் பிடித்து, ஒன்றோடொன்று உரசும்படி அழுத்தித் திருப்புவது. இந்த இடத்தில்தான் கைதேர்ந்தவருக்கும் நமக்கும் உள்ள வித்தியாசம் தெரியும். அவர் கையில் ஊசி ஊசியாக நிற்கும். நம் கையில் சுருண்டு நொறுங்கும். கடைசியாக மெல்லிய பரப்பாக விரித்து உலர்த்தல்.

முழு வேலைக்கும் நான்கு மணி முதல் ஆறு மணி நேரம் ஆகும். ஏறத்தாழ மூன்று கிலோ பச்சைக் கொழுந்து போட்டால் அறுநூறு கிராம் தேயிலை கிடைக்கும். பயணிகளுக்கு அவ்வளவு நேரமும் இல்லை, தோளும் இல்லை. ஆகவே முன்பகுதியை ஆசிரியரே முடித்து வைத்துவிட்டு, நடுப்பகுதியையும் கடைசிப் பகுதியையும் நம்மிடம் தருவதுண்டு. இரண்டு மணி நேரத்தில் யாரும் தேயிலைக்காரர் ஆகிவிட முடியாது என்பது அவர்களுக்கும் தெரியும். ஆனால் ஒன்றைத் தெரிந்துகொண்டு போகிறார்கள்: ஒரு கரண்டித் தேயிலைக்குள் எத்தனை பேருடைய தோள் வலி இருக்கிறது என்பதை.

இன்னொன்றும் கவனிக்கத்தக்கது. அங்கே சொல்லித்தருகிறவரைச் சென்செய் என்று அழைக்கிறார்கள், அதாவது ஆசிரியர். அவர் ஒரு வயதான தேயிலைத் தொழிலாளியாக இருக்கலாம். பட்டணத்திலிருந்து வந்தவர்களும் அவருக்குத் தலை குனிந்து வணக்கம் சொல்லிவிட்டுத்தான் தட்டைத் தொடுகிறார்கள். கையுருட்டுக் கலைஞர்களுக்குச் சங்கங்கள் இருக்கின்றன, தேர்வுகள் இருக்கின்றன. துணை ஆசிரியர், ஆசிரியர், அதற்கும் மேலே பேராசான் என்று படிகள் உண்டு. பரதநாட்டியத்தில் பந்தநல்லூர்ப் பாணி, வழுவூர்ப் பாணி என்பதுபோல் ஷிஸுவோக்காவில் உருட்டுவதற்குப் பல பாணிகள் உண்டு. உருட்டும்போது பாடிய பாட்டுகளும் உண்டு. நம் தெம்மாங்கைப்போல் அவையும் களைப்புக்குப் பிறந்தவையே. புதுத் தேயிலை ஏலம் தொடங்கும் நாளில் கையால் உருட்டிய தேயிலை கிலோ பத்து லட்சம் யென்னுக்கும் மேலே விலை போனதுண்டு. அது மங்கலத்துக்காகக் கேட்கும் விலை. அந்த விலைக்குத் தினமும் யாரும் வாங்குவதில்லை. என்றாலும் ஒரு தொழிலாளியின் கைக்கு ஊரறிய அப்படியொரு விலை சொல்கிறார்கள் அல்லவா?

அப்படியானால் ஜப்பானில் இன்றும் எல்லாத் தேயிலையும் கையால்தான் செய்கிறார்களா என்று கேட்பீர்கள். இல்லவே இல்லை. கிட்டத்தட்ட எல்லாமே எந்திரம்தான். அந்தக் கதையும் சுவையானது. 1859-இல் யோக்கஹாமா துறைமுகம் திறந்த பிறகு ஜப்பானியத் தேயிலைக்கு வெளிநாட்டில் கிராக்கி ஏறியது. கையால் உருட்டி மாளவில்லை. தகபயாஷி கென்ஸோ என்ற மருத்துவர் இதற்கு எந்திரம் செய்ய முனைந்தார். 1885-இல் ஜப்பான் அரசு முதன்முதலாகக் காப்புரிமைகள் வழங்கியபோது இரண்டாம், மூன்றாம், நான்காம் எண்கள் இவருடைய தேயிலை எந்திரங்களுக்கே கிடைத்தன. (அதே 1885-இல்தான் வில்லியம் கேமரன் என்ற நில அளவையாளர் நம் மலைப்பகுதிக்கு வந்தார். இங்கே அப்போது தேயிலைச் செடி ஒன்றுகூட இல்லை.) மருத்துவர் செய்த முதல் எந்திரங்கள் சரிவரவில்லை, இருந்த சொத்தும் கரைந்தது. விடாமல் முயன்று, 1898-இல் இலையை முதலில் உருட்டும் எந்திரத்துக்கு உரிமை பெற்றார். மூன்று ஆண்டுகள் கழித்துக் காலமானார்.

அந்த எந்திரத்தைப் பார்த்தால் ஒன்று புரியும். உள்ளே இலையை வாரி உதறும் விரல்கள் இருக்கின்றன, அழுத்தித் தேய்க்கும் உள்ளங்கை இருக்கிறது. இன்றைய ஜப்பானிய ஆலையில் வரிசையாக நிற்கும் எந்திரங்கள் ஒவ்வொன்றும் கையுருட்டின் ஒவ்வொரு கட்டத்தைப் பார்த்துச் செய்தவை. ஆகையால்தான் எந்திரம் ஓட்டும் இளைஞர்கள் பலரும் கையுருட்டைப் படிக்கிறார்கள். எந்திரத்துக்குள் இலைக்கு என்ன நேர்கிறது என்பதைக் கை தெரிந்து வைத்திருந்தால், பிடி இலையை எடுத்துப் பார்த்தே சூட்டைக் கூட்டலாம், குறைக்கலாம். எந்திரம் வந்தபின்னும் கைவேலையை அவர்கள் வைத்திருப்பதற்குப் பழம்பெருமை மட்டும் காரணமல்ல; அது அவர்களுக்கு அளவுகோல்.

இனி நம் பக்கம் வருவோம். இலங்கையில் கண்டிக்கு அருகே லூல்கந்துராத் தோட்டத்தில் ஜேம்ஸ் டெய்லர் என்ற துரை 1867-இல் 19 ஏக்கரில் தேயிலை போட்டார். அந்நாட்டின் தேயிலைத் தொழிலுக்கு அதுவே தொடக்கம் என்பார்கள். முதலில் ஆலை எங்கே இருந்தது தெரியுமா? துரையின் பங்களாத் தாழ்வாரத்தில்! மேசைகளின்மேல் இலையைப் போட்டு, மணிக்கட்டிலிருந்து முழங்கை வரை கையை வைத்து உருட்டினார்கள். களிமண் அடுப்பில் கரி போட்டு, கம்பி வலைத் தட்டில் உலர்த்தினார்கள். 1872 வாக்கில் டெய்லர் உருட்டும் எந்திரமும் செய்துகொண்டார். உருட்டியவர்கள் யார்? தமிழ்நாட்டிலிருந்து காப்பித் தோட்டங்களுக்குப் போன நம்மவர்கள். டெய்லரின் பெயர் புத்தகங்களில் இருக்கிறது. அந்தத் தாழ்வாரத்தில் முழங்கை தேயத் தேய உருட்டியவர்களில் ஒருவர் பெயரையும் நம்மால் சொல்ல முடியாது. எந்தப் பாணியில் உருட்டினார்கள், என்ன பாடினார்கள் என்பதும் போயிற்று.

கேமரன் மலைக்குத் தேயிலை வந்தபோது காலம் மாறிவிட்டது. 1929-இல் ஜே. ஏ. ரஸ்ஸல் போ தோட்டத்தைத் தொடங்கினார். இலங்கை அனுபவம் உள்ள மில்ன் என்பவர் அவரோடு சேர்ந்தார். 1933-இல் பாரத் தோட்டம் வந்தது. அப்போதே உருட்டுவது எந்திரத்தின் வேலையாகியிருந்தது. கைக்கு மிஞ்சியது காடு வெட்டுவது, நடுவது, கவ்வாத்து, கொழுந்து. பிற்காலத்தில் கொழுந்துக்கும் கத்தரி வந்தது, இரண்டு பேர் பிடிக்கும் வெட்டு எந்திரம் வந்தது. பிள்ளைகள் படித்துப் பட்டணம் போனார்கள்; போனது நல்லதே. இன்று மலைச்சரிவில் வேலை செய்பவர்களில் பெரும்பாலோர் வங்காளதேசம், நேப்பாளம், இந்தோனேசியா போன்ற நாடுகளிலிருந்து வந்தவர்கள்.

அப்படியானால் நம்மிடம் கைத்திறன் என்று எதுவும் இல்லையா? உண்டு. அதற்கு நாம் பெயர் வைக்கவில்லை, அவ்வளவுதான். வாட்டறையில் வேலை பார்த்த தாத்தா ஒருவரிடம் கேட்டுப் பாருங்கள். வாடிய இலையை ஒரு பிடி அள்ளி, முட்டியாக இறுக்கி, கையை விரிப்பார். உருண்டை மெல்ல மெல்ல விரிந்தால் இலை பதம். சட்டென்று துள்ளி விரிந்தால் இன்னும் வாட வேண்டும். இதை அவருக்கு எந்தப் பள்ளிக்கூடத்திலும் சொல்லித்தரவில்லை. கொழுந்து பறித்த பாட்டியிடம் கேளுங்கள். நகத்தால் கிள்ளாமல் விரலால் ஒடிப்பது ஏன்? குருத்து விடாமல் உறங்கிப்போன கொழுந்தைக் கண்ணால் பார்க்காமலே விரல் எப்படிக் கண்டுபிடிக்கிறது? கூடையில் இலையை அமுக்கினால் அடியில் சூடேறிச் சிவந்துவிடும் என்பதை எப்போது தெரிந்துகொண்டார்கள்? கைப்பேசி இல்லாத வீடு இன்று இல்லை. பாட்டி பேசுவதை அரை மணி நேரம் பதிவு செய்து வைக்கப் பேரப்பிள்ளைக்கு ஒரு காசும் செலவில்லை.

கேமரன் மலைக்கு வரும் பயணிகள் செடிகளின் நடுவே படம் எடுத்துக்கொள்கிறார்கள், ஆலையைக் கண்ணாடி வழியாகப் பார்க்கிறார்கள், தேநீர் குடித்துவிட்டு இறங்கிப் போகிறார்கள். ஒரு மேசை போட்டு, ஒரு பாட்டியை அதன் முன்னால் நிறுத்தி, "வாருங்கள், இலையைத் தொடுங்கள்" என்று சொல்ல யாராவது முன்வந்தால் பயணிக்குக் கசக்காது என்பது நம் எண்ணம். பாட்டிக்கு ஒரு நாள் வருமானமும், "டீச்சர்" என்ற பெயரும் சேர்ந்து கிடைக்கும்.

அதற்கு முன்னால் நம் வீட்டுச் சமையலறையிலேயே ஒருமுறை செய்து பார்க்கலாம். தோட்டத்து இலையைக் கிள்ளச் சொல்லவில்லை. அது கம்பெனிச் சொத்து. வீட்டுக்குப் பின்னால் வேலியோரம் தேயிலைச் செடி நிற்கும் குடும்பங்கள் இருக்கின்றன. மருந்து அடிக்காத செடியாக இருக்க வேண்டும். இதில் விளையாட்டு வேண்டாம். காலையில் பனி உலர்ந்ததும் இரண்டு இலையும் ஒரு குருத்துமாக இருநூறு கிராம் பறித்துக்கொள்ளுங்கள். ஏறத்தாழ நாற்பது கிராம் தேயிலை கிடைக்கும்.

இட்டலிப் பானையில் தண்ணீர் தளதளவென்று கொதிக்கட்டும். தட்டில் ஈரத்துணி விரித்து, இலையை மெல்லிய பரப்பாகப் போட்டு மூடுங்கள். ஒரு நிமிடம் போதும். திறந்தால் பச்சை வாடை போய் ஓர் இனிய மணம் வர வேண்டும். காம்பு ஒடியாமல் வளைய வேண்டும். உடனே முறத்தில் கொட்டி விசிறுங்கள். கொஞ்சம் கொஞ்சமாகத்தான் ஆவி காட்ட வேண்டும். மொத்தமாகத் திணித்தால் நடுவில் உள்ள இலை வேகாமல் சிவந்துபோகும்.

பிறகு அடி கனத்த அகன்ற வாணலியை மிக மெல்லிய தீயில் சூடாக்கி, அடுப்பை விட்டு இறக்கி, இலையைப் போட்டு அள்ளி உதறுங்கள். வாணலி ஆறினால் மறுபடி சற்றுச் சூடாக்குங்கள். கை வைத்தால் சுகமாக இருக்கும் சூடு; கையை எடுக்கத் தோன்றினால் அதிகம். மேல் ஈரம் போனதும் முறத்தில் போட்டு உருட்டுங்கள், மறுபடி வாணலி, மறுபடி முறம். பிசுபிசுப்புக் குறைந்ததும் உள்ளங்கைகளுக்கு நடுவே திரி திரியுங்கள். இரண்டு பேர் மாற்றி மாற்றிச் செய்தால் கை ஓயாது. காம்பை ஒடித்தால் "டக்"கென்று முறியும் வரை மெல்லிய சூட்டில் உலர்த்தி, ஆறியபின் ஈரமில்லாத டப்பாவில் போட்டு மூடுங்கள்.

முதல் தடவை ஊசியாக வராது. உருண்டையும் நொறுங்கலுமாகத்தான் வரும். அதைக் கொட்டிவிட வேண்டாம். கொதித்த தண்ணீரை ஒரு பாத்திரத்தில் ஊற்றிச் சற்று ஆறவிட்டு, ஒரு தேக்கரண்டி இலைமேல் ஊற்றி, ஒரு நிமிடத்தில் வடித்துவிடுங்கள். நம் அசாம் வகை இலைக்குத் துவர்ப்பு அதிகம். கொதிநீரை அப்படியே ஊற்றினால் நாக்கு இழுத்துக்கொள்ளும். பாலும் சீனியும் போடாமல் முதல் வாய் குடித்துப் பாருங்கள். பிடிக்கவில்லை என்றால் போட்டுக்கொள்ளுங்கள், யாரும் கேட்கப்போவதில்லை. குடித்து முடித்ததும் வடிகட்டியில் இருக்கும் இலையை ஒரு வெள்ளைத் தட்டில் விரித்து வையுங்கள். கிழிக்காமல் உருட்டியிருந்தால், காலையில் பறித்தபோது இருந்தபடியே இரண்டு இலையும் ஒரு குருத்தும் காம்போடு மலர்ந்திருக்கும்.